முதல் நாள் இரவின் சமையல்



'காஸரோல்' என்றதும் உங்கள் நினைவுக்கு வருவது எது? சப்பாத்தி ஆறிப் போகாமலிருக்க வீட்டில் எடுத்து வைக்கும் மூடி போட்ட பாத்திரந்தான். பிரெஞ்சு மொழியில் அது கைப்பிடியுள்ள ஒரு சமையற் பாத்திரத்தின் பெயர். ஆங்கிலத்தில் குடிபுகுந்த பின்னர், ஓவனில் வைத்துச் சமைக்கும் ஆழமான பாத்திரத்துக்கும், நாளடைவில் அதில் சமைத்த உணவுக்குமே அது பெயராயிற்று. "பாலை இறக்கு" என்று நாம் சொல்லும்போது, பாலின் பெயர் பாத்திரத்துக்கு ஆகி வருகிறது. இங்கோ பாத்திரத்தின் பெயர் உணவுக்கு ஆகி வந்திருக்கிறது. ஆகுபெயர் தமிழுக்கு மட்டும் உரிய உடைமையன்று என்பது இதனால் விளங்கும்.

இலக்கணம் நடத்திய பழக்கம் ஓய்வு பெற்ற பின்னும் விடவில்லை, பொறுத்துக்கொள்ளுங்கள். இன்று நான் பேச வந்தது அந்த உணவைப் பற்றி. அதை என் கையாலேயே சமைக்கக் கற்றுக்கொண்ட கதையும், அதனோடு சேர்ந்து வந்த ஒரு வெட்கமும் இப்பேச்சில் உண்டு.

நானும் என் மனைவியும் அமெரிக்காவில் மகள் வீட்டில் ஆறு மாதம் தங்கியிருந்தோம். மகளும் மருமகனும் விடியுமுன் வேலைக்குப் புறப்படுகிறவர்கள். பேரனுக்குப் பள்ளி வண்டி ஏழு மணிக்கு. ஒருநாள் மகள், "அப்பா, நாளை ஒருநாள் காலை உணவை நீங்கள் பார்த்துக்கொள்ளுங்களேன். அம்மாவுக்கு முழங்கால் வலி அதிகமாக இருக்கிறது" என்றாள். அறுபத்தாறு வயது வரை அடுப்பைப் பற்ற வைத்தறியாத நான், "அதற்கென்ன?" என்று சொல்லிவிட்டேன். அறியாமைக்குத் துணிச்சல் அதிகம்.

அந்நாட்டில் விடுமுறைக் காலைகளில் வீடு நிறைய விருந்தினர் இருக்கும்போது செய்யும் காஸரோல் ஒன்று உண்டு. ரொட்டித் துண்டுகள், முட்டை, பால், சீஸ், காய்கறி ஆகியவற்றை அடுக்கி ஓவனில் வேக வைப்பது அது. சிலர் இறைச்சியும் சேர்ப்பர். 1929-இல் தொடங்கிய பொருளாதாரப் பெருமந்தத்தின் போது, கையிலிருந்த சிறிது பொருளைக் கொண்டு பலர் வயிற்றை நிறைக்க இத்தகைய ஒற்றைப் பாத்திரச் சமையல் அங்கே பல குடும்பங்களுக்குக் கைகொடுத்தது. காய்ந்த ரொட்டியை வீணாக்காத சமையல் இது.

செய்முறையை எழுதி வாங்கிக்கொண்டேன். அதில், "முதல் நாள் இரவே ஊற வைக்கவும்" என்று இருந்தது. 'உண்ணப்போவது காலையில், இரவில் எதற்கு வேலை?' என்று எண்ணிப் படுத்துவிட்டேன். காலையில் எழுந்து, அன்றுதான் வாங்கிய மெத்தென்ற ரொட்டியைப் பிய்த்துப் போட்டு, முட்டையும் பாலும் ஊற்றி, உடனே ஓவனில் வைத்தேன். விளைந்தது என்ன தெரியுமா? மேலே இருந்த ரொட்டி கருகிற்று; அடியில் பால் தனியே தேங்கி நின்றது; நடுவே முட்டை கட்டி கட்டியாய்த் திரிந்து கிடந்தது. பேரன் ஒரு கரண்டி வாயில் இட்டு, "தாத்தா, வண்டி வந்துவிட்டது" என்று சொல்லி எழுந்து போனான். வண்டி வரவில்லை, இன்னும் பத்து நிமிடம் இருந்தது.

வாசற்படியிலிருந்து என் மனைவி சிரித்தாள். "நாற்பது வருஷமாகக் காலையில் ஏழரை மணிக்கு உங்கள் தட்டில் இட்லி விழுந்ததே, அந்த மாவை நான் எப்போது அரைத்தேன் என்று ஒருநாளாவது கேட்டதுண்டா?" என்றாள். என்னிடம் விடை இல்லை.

அன்று இரவே மறுபடி முயன்றேன். ஆறு பேருக்கு வேண்டிய அளவைச் சொல்கிறேன், குறித்துக்கொள்ளுங்கள். முந்தின நாள் வாங்கிக் காய்ந்த ரொட்டி 8 துண்டு, முட்டை 6, பால் அரை லிட்டர், துருவிய சீஸ் 100 கிராம், வேக வைத்த உருளைக்கிழங்கு 2, வதக்கிய பெரிய வெங்காயம் 1, வதக்கி நீர் வடித்த கீரை ஒரு கைப்பிடி, உப்பு, மிளகுத்தூள். ஆழமான பாத்திரத்தில் வெண்ணெய் தடவி, ரொட்டியையும் காய்களையும் சீஸையும் மாற்றி மாற்றி அடுக்க வேண்டும். முட்டையையும் பாலையும் நன்றாக அடித்து, உப்பும் மிளகும் கலந்து, மேலே சீராக ஊற்றி, மூடிக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்துவிட வேண்டும்.

காய்ந்த ரொட்டி ஏன்? ஈரம் போன ரொட்டி பாலை நன்றாக உறிஞ்சும். ஊறிய பின்னும் குழைந்து போகாது. இரவு முழுவதும் ஏன்? பால் துண்டின் நடுவரை சென்று பரவ நேரம் வேண்டும். குளிரில் ஏன்? நம் இட்லி மாவு புளித்துப் பொங்க வேண்டும். அதற்கு வெதுவெதுப்பு தேவை. முட்டையும் பாலும் வெதுவெதுப்பில் கிடந்தால், நோய் தரும் கிருமிகள் பெருகும். ஆகவே 4 டிகிரி செல்சியஸ் அளவில் வைப்பதே பாதுகாப்பு. இரண்டும் இரவு முழுவதும் காத்திருப்பவைதாம்; காத்திருக்கும் முறை வேறு.

காலையில் பாத்திரத்தை வெளியே எடுத்து அரை மணி நேரம் வைத்த பிறகே ஓவனில் வைக்க வேண்டும். கண்ணாடிப் பாத்திரமாயின் இது மிகவும் முக்கியம். 1915-இல் அமெரிக்காவின் கார்னிங் கண்ணாடித் தொழிற்சாலை 'பைரெக்ஸ்' என்னும் பெயரில் ஓவனைத் தாங்கும் கண்ணாடிப் பாத்திரங்களை விற்பனைக்குக் கொண்டுவந்தது. சூட்டில் குறைவாகவே விரியும் கண்ணாடி அது. ஆயினும் குளிரிலிருந்து கடும் சூட்டுக்குச் சட்டென்று மாறினால், ஒரு பக்கம் விரிந்து மறுபக்கம் விரியாமல் கண்ணாடி வெடிக்கக்கூடும்.

ஓவனை 180 டிகிரிக்குச் சூடாக்கி, 45 முதல் 50 நிமிடம் வேக விடவேண்டும். வெண்கரு ஏறத்தாழ 62 டிகிரியில் உறையத் தொடங்கும். பாலோடு கலந்த முட்டைக்கு அதைவிடச் சூடு வேண்டும். 80 டிகிரியை ஒட்டி அது மென்மையாக உறையும். சூடு எல்லை மீறினால் புரதம் இறுகி நீரைக் கக்கிவிடும். என் முதல் முயற்சியில் முட்டை திரிந்த காரணம் அதுவே. நடுவில் ஒரு கத்தியைச் செருகி எடுத்தால் ஈரமின்றி வரவேண்டும். பத்து நிமிடம் ஆறவிட்டு வெட்டினால் துண்டு துண்டாக நிற்கும்.

நின்றது. பேரன் இரண்டு துண்டு உண்டான். அவன் பள்ளி வண்டியில் ஏறிய பிறகு தனியே உட்கார்ந்திருந்தபோது, இருபது ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு காலைப்பொழுது நினைவில் எழுந்தது.

அப்போது நான் தலைமையாசிரியன். காலைப் பிரார்த்தனைக்கு நாள்தோறும் தாமதமாக வந்த ஆறாம் வகுப்புச் சிறுவன் ஒருவனைக் கொடிக்கம்பத்தின் அருகே வெயிலில் நிறுத்தினேன். கால் மணி நேரத்தில் மயங்கி விழுந்தான். தண்ணீர் தெளித்து எழுப்பி விசாரித்தபோது உண்மை வெளிப்பட்டது. தாய் விடியுமுன் களையெடுக்கப் போய்விடுவாள். இவன் அடுப்பு மூட்டி, கஞ்சி காய்ச்சி, தங்கைக்கு ஊட்டி, சட்டி கழுவி, அவளைச் சிற்றன்னை வீட்டில் விட்டு வருவான். அன்று கஞ்சி ஒருத்திக்கே போதுமாயிருந்தது. "ஏன் தாமதம்?" என்று நான் நாள்தோறும் கேட்டேன், விடைக்குக் காத்திருந்ததில்லை. பதினோரு வயதில் அவன் அறிந்திருந்த வேலையை நான் அறுபத்தாறு வயதில் கற்றேன். அவனுக்கு நான் கொடுத்த தண்டனை இன்றும் என்னை உறுத்துகிறது.

பசித்த வயிற்றோடு பிள்ளைகள் பள்ளிக்கு வரக்கூடாது என்பதற்காக, தமிழ்நாட்டில் 2022-ஆம் ஆண்டு செப்டம்பரில் அரசுத் தொடக்கப் பள்ளிகளில் காலை உணவுத் திட்டம் தொடங்கப்பட்டது. அச்செய்தியைப் படித்தபோது அந்தச் சிறுவனின் முகந்தான் கண்முன் நின்றது.

மாணவ மாணவியரே, உங்கள் வீட்டில் ஓவன் இல்லாமலிருக்கலாம். அடி கனமான பாத்திரத்தில் வைத்து, மூடி, இட்லிக் கொப்பரையின் ஆவியிலும் இதை வேக வைக்கலாம். மேலே பொன்னிறம் வாராது. வயிறு நிறைவதில் குறைவிராது. முட்டை உண்ணாத வீடாயின் அவலை ஊற வையுங்கள். இட்லி மாவு அரையுங்கள். எது செய்வதென்பது முக்கியமன்று. ஆணாயினும் பெண்ணாயினும், ஒரு காலை உணவையேனும் தொடக்கம் முதல் இறுதி வரை தாமே செய்யத் தெரிந்திருக்க வேண்டும் என்பதே என் வேண்டுகோள்.

நாளைக் காலை உங்கள் தட்டில் உணவு வந்து விழும்போது, அதற்காக முதல் நாள் இரவில் உறங்காமல் நின்றவர் யார் என்று ஒரு கணம் எண்ணிப் பாருங்கள். எண்ணியதோடு நில்லாமல், இன்றிரவு அவரருகே போய், "நாளைக்கு என்ன ஊற வைக்க வேண்டும்?" என்று கேளுங்கள். நான் நாற்பது ஆண்டுகள் கேட்கத் தவறிய கேள்வி அது.