அஞ்சிய குழந்தைக்கு அரண்

தாராவியில் இட்டலி அவித்து விற்கும் தமிழ்க் குடும்பங்கள் பல. இரவில் மாவரைத்து, விடியுமுன் அடுப்பு மூட்டி, பொழுது புலரும் வேளையில் பாத்திரங்களை மிதிவண்டியில் ஏற்றிக்கொண்டு நம்மவர் மும்பைத் தெருக்களுக்குப் புறப்படும் காட்சி நாம் அனைவரும் அறிந்ததே. அத்தகைய வீடு ஒன்றை நேயர்கள் தம் மனத்தில் எண்ணிக்கொள்ள வேண்டுகிறோம். ஒருநாள் வைகறையில் அண்டை வீட்டில் எரிவாயு உருளை வெடித்துத் தீப்பற்றிவிடுகிறது. ஒன்பது வயதுச் சிறுவன் ஒருவன் தாயின் கையைப் பற்றிக்கொண்டு சந்து வழியே ஓடித் தப்புகிறான். அவன் உடம்பில் ஒரு கீறலும் இல்லை. ‘கடவுள் புண்ணியத்தில் பிள்ளை பிழைத்தான்’ என்று வீட்டார் ஆறுதல் கொள்கின்றனர்.

நாட்கள் செல்கின்றன. அடுப்பு ‘உஸ்’ என்று சீறினால் சிறுவன் வெளியே ஓடுகிறான். நள்ளிரவில் அலறி எழுகிறான். ஐந்து வயதிலேயே விட்டொழிந்த படுக்கை நனைக்கும் பழக்கம் மீண்டும் வருகிறது. பள்ளியில் பாடம் மனத்தில் ஏறவில்லை. உடன் பயிலும் பிள்ளை ஒருவனை அடித்தும்விடுகிறான். ஆசிரியர் அவனை முரடன் என்கிறார். தந்தை கண்டிக்கிறார். பாட்டி வேப்பிலை அடித்துத் திருநீறு பூசுகிறாள். இறுதியில் வீட்டார் கூடி, ‘ஊருக்கு அனுப்பிவிடுவோம், ஆச்சியிடம் சில மாதம் இருந்தால் சரியாகிவிடும்’ என்று முடிவு செய்து, தாதரிலிருந்து திருநெல்வேலி செல்லும் ரயிலில் தெரிந்தவர் ஒருவருடன் அவனை ஏற்றிவிடுகின்றனர்.

இம்முடிவு அன்பினால் விளைந்தது, ஐயமில்லை. பிற மாநிலங்களில் வாழும் நம் குடும்பங்களுக்குச் சொந்த ஊர் என்பது இன்னலில் ஒதுங்கும் நிழலாகவே இருந்து வந்திருக்கிறது. எனினும், அஞ்சிய குழந்தையைத் தாய் தந்தையரிடமிருந்து பிரித்து அனுப்புவது அக்குழந்தைக்கு நன்மை செய்யுமா என்பதே இன்று நாம் ஆராய எடுத்துக்கொண்ட பொருள்.

முதலில், அச்சிறுவனுக்கு நேர்ந்தது யாது என்பதைக் காண்போம். ‘அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்’ என்பது நம் முன்னோர் மொழி. மூளையின் உட்பகுதியில் வாதுமைக் கொட்டையளவில் ஓர் உறுப்பு உண்டு. ஆபத்து வரும்போது அபாய மணி அடிப்பது அதன் தொழில். மணி அடித்தவுடன் நெஞ்சு படபடக்கிறது, தசைகள் முறுக்கேறுகின்றன, ஓடவோ எதிர்க்கவோ உடல் ஆயத்தமாகிறது. ஆபத்து நீங்கியதும் மணி ஓய வேண்டும். பேரச்சத்துக்கு ஆளான குழந்தைகள் சிலரிடம் அது எளிதில் ஓய்வதில்லை. அடுப்பின் ஓசை, புகையின் மணம், உரத்த குரல் ஆகிய எதுவும் அம்மணியை மீண்டும் அடிக்கச் செய்யலாம். உறக்கமின்மை, சினம், படிப்பில் கவனமின்மை யாவும் இந்த உளக்காயத்தின் குறிகளே. உடற்காயத்தைக் கண்ணால் காண்கிறோம், மருந்திடுகிறோம். உளக்காயத்தையோ பிடிவாதமென்றும் சோம்பலென்றும் பெயரிட்டுத் தண்டிக்கிறோம். ‘இவனுக்கு ஏன் இந்தக் கெட்ட புத்தி?’ என்று கேட்பதற்குமுன், ‘இவன் எதைக் கண்டு அஞ்சினான்?’ என்று கேட்கும் பெற்றோர் பாதி வழியைக் கடந்தவராவர்.

இக்காயம் தானே மறைந்துவிடும் என்று எப்போதும் எண்ணிவிடலாகாது. அமெரிக்காவில் சான் டியேகோ நகரில் 17,000க்கு மேற்பட்டோரிடம் நடந்த ஆய்வொன்றின் முதல் முடிவுகள் 1998-இல் வெளிவந்தன. இளமையில் அடியுதை, தாய் வதைபடுவதைக் காணல், குடிப்பழக்கமுள்ளோருடன் வாழ்தல் முதலிய இன்னல்கள் எத்தனைக்கு ஒருவர் ஆளானாரோ, அத்தனைக்கேற்ப மனச்சோர்வும் குடிப்பழக்கமும் இதய நோயும் பிற்காலத்தில் அவரிடம் மிகுந்து காணப்பட்டன. இதைக் கேட்டு நாம் கலங்க வேண்டுவதில்லை. இன்னலுற்ற குழந்தைகள் எல்லோரும் நோயாளராவதில்லை. நம்பத்தக்க பெரியவர் ஒருவரேனும் விடாது அருகிருப்பது குழந்தைக்குப் பெருங்காப்பு என்பதை அறிஞர் பலர் கண்டுரைத்துள்ளனர்.

இவ்வுண்மையை உலகம் தெளிந்துகொண்டது ஒரு போரின்போது. 1939 செப்டம்பரில் விமானக் குண்டுவீச்சுக்கு அஞ்சிய பிரிட்டிஷ் அரசு, குழந்தைகளும் தாய்மாருமாக ஏறத்தாழ 15 லட்சம் பேரை நகரங்களிலிருந்து வெளியேற்றியது. பள்ளிப் பிள்ளைகளுள் பெரும்பாலோர் பெற்றோரின்றியே சென்றனர். அக்காலத்தில் லண்டனில் குழந்தைகளுக்கெனக் காப்பகங்கள் நடத்தியவர் ஆன்னா பிராய்டு; உளநூலறிஞர் சிக்மண்டு பிராய்டின் மகள். அவரும் அவருடைய தோழி டாரதி பர்லிங்காமும் குழந்தைகளை நாள்தோறும் கூர்ந்து நோக்கி ஒன்றை உணர்ந்தனர். குண்டு விழும் நகரிலேயே தாயுடன் தங்கிய குழந்தை, தாய் கலங்காதிருந்தவரையில் பெரிதும் கலங்கவில்லை. பாதுகாப்பான இடத்தில் இருந்தும் தாயைப் பிரிந்த குழந்தையோ வாடி வருந்தியது.

நம் மும்பை மாநகரும் இத்தகைய சோதனைகளைக் கண்டதுண்டு. 1992 டிசம்பரிலும் 1993 ஜனவரியிலும் நிகழ்ந்த கலவரங்களில் 900 பேர் உயிரிழந்தனர். தாராவியும் பற்றியெரிந்தது. நெடுங்காலம் அடுத்தடுத்து வாழ்ந்தோர் ஒருவரையொருவர் ஐயுற்றனர். கூட்டங்கூட்டமாக மக்கள் ரயிலேறிச் சொந்த ஊர்களுக்கு ஓடினர். மீண்டும் 2020-இல், கொள்ளைநோய் பரவி ஊரடங்கு வந்தபோது, வேலையும் வருவாயும் இழந்த குடும்பங்கள் தாராவியை விட்டு வெளியேறின. இவற்றையெல்லாம் கண்ட பிள்ளைகளின் மனத்தில் பதிந்தவை யாவை என்று கேட்க அந்நாட்களில் யாருக்கு நேரம் இருந்தது?

ஆயினும், கலவரத்துக்குப் பின் தாராவியில் நடந்த நற்செயல் ஒன்றையும் சொல்ல வேண்டும். பாவு கோர்டே, வக்கார் கான் என்னும் அண்டை அயலார் இருவர், ஒருவர் இந்து, ஒருவர் முஸ்லிம், சந்துதோறும் சென்று நட்பை மீட்கப் பாடுபட்டனர். பல சமயக் கோலம் பூண்ட சிறுவர்களின் படம் தாங்கிய சுவரொட்டியொன்றை வக்கார் கான் வெளியிட்டார். ‘நாம் எல்லோரும் ஒன்று’ என்பது அதன் செய்தி. ‘இனிப் பயமில்லை’ என்று நூறு முறை கூறுவதினும், தந்தை அடுத்த வீட்டாருடன் மீண்டும் அமர்ந்து தேநீர் அருந்துவதைக் காணும் பிள்ளை விரைவில் அச்சம் தெளிகிறது. வீட்டின் அமைதியும் சந்தின் அமைதியும் குழந்தைக்கு வேறு வேறல்ல.

இனி, நாம் செய்யத்தக்கவை யாவை? முதலாவது, அன்றாட ஒழுங்கை மீட்டல். உரிய நேரத்தில் உணவு, உறக்கம், பள்ளி, விளையாட்டு ஆகியவை நாளும் தவறாது நிகழும்போது, ‘அடுத்து வருவதை அறிவேன்’ என்னும் உறுதி குழந்தைக்கு உண்டாகிறது. இரண்டாவது, உண்மை பேசுதல். இறந்தவரை ‘ஊருக்குப் போயிருக்கிறார்’ என்று மறைத்தால், ஊர் என்ற சொல்லே பிள்ளைக்கு அச்சந்தரும் சொல்லாகிவிடும். மூன்றாவது, வற்புறுத்தாதிருத்தல். வருவோர் போவோரிடமெல்லாம் நடந்ததைச் சொல்லும்படி குழந்தையைத் தூண்டுவது ஆறும் புண்ணைக் கிளறுவதாகும். அது தானே பேச முன்வந்தால் வாயடைத்தலும் ஆகாது. செவிசாய்த்துக் கேட்டல் வேண்டும். அது திரும்பத் திரும்பத் தீ விளையாட்டு விளையாடினாலும், தீயையே படமாக வரைந்தாலும் கடிந்துகொள்ளற்க. சொல்ல இயலாததைக் குழந்தை அவ்வாறு சொல்கிறது.

பாட்டியின் திருநீற்றை நாம் இகழவில்லை. தலைமேல் படும் அன்புக் கை, மெல்லிய குரல், அருகிருத்தல் ஆகிய மூன்றும் அதில் அடங்கியுள்ளன. தேவாலயத்தில் செய்யும் ஜபத்துக்கும் தர்காவில் ஓதும் ஓதலுக்கும் இது பொருந்தும். வேப்பிலையால் அடித்து, சாமியாடி அச்சுறுத்தி, பேய் பிடித்ததென்று பிள்ளையின் காதுபடப் பேசுவதைத்தான் வேண்டாமென்கிறோம். ஒரு திங்களுக்கு மேலும் குறிகள் தணியாவிடினும், குழந்தை உணவை வெறுத்தாலும், சாக வேண்டுமென்று பேசினாலும் மருத்துவரை நாடத் தயங்கலாகாது.

அவ்வுதவி நமக்குத் தொலைவில் இல்லை. இந்தியாவின் முதல் குழந்தை வழிகாட்டு நிலையம் இம்மாநகரிலேதான் தோன்றியது. 1936-இல் நாக்பாடாவில் தொடங்கப்பெற்ற டாட்டா சமூகப்பணிப் பள்ளி 1937-இல் அதனை நிறுவியது. அப்பள்ளியே இன்று செம்பூரை அடுத்த தேவனாரில் டாட்டா சமூக அறிவியல் நிறுவனமாக விளங்குகிறது. குழந்தையை மட்டும் தனியே பார்ப்பது இத்தகைய நிலையங்களின் முறையன்று. தாய் தந்தையரையும் பள்ளியையும் சேர்த்தே பார்ப்பர். மாட்டுங்காவுக்கும் தாராவிக்கும் அண்மையிலுள்ள சயான் நகராட்சி மருத்துவமனையில் மனநலப் பிரிவு உண்டு. அம்மருத்துவமனையில் பச்சிளங் குழந்தைகளுக்கு மருத்துவம் செய்த ஆர்மிடா பெர்னாண்டஸ் அம்மையார் 1999-இல் தொடங்கிய ‘ஸ்நேகா’ அமைப்பு, வன்முறைக்கு ஆளான பெண்களுக்கும் பிள்ளைகளுக்கும் தாராவியில் துணைநிற்கிறது. நாடெங்கும் 14416 என்னும் எண்ணில் தமிழ் உட்பட 20 மொழிகளில் மனநல ஆலோசனை பெறலாம். குழந்தைகளுக்கான அவசர எண் 1098. அதன் முதல் முயற்சியும் 1996-இல் மும்பையிலேயே தொடங்கியது.

சட்டமும் இப்பாடத்தைக் கற்றுக்கொண்டுள்ளது. பாலியல் குற்றங்களிலிருந்து குழந்தைகளைக் காக்கும் 2012-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, வாக்குமூலம் பெறும் காவல் அதிகாரி சீருடையில் இருத்தலாகாது. குழந்தையின் வீட்டிலோ அது விரும்பும் இடத்திலோ கேட்டறிய வேண்டும். பெற்றோரோ குழந்தை நம்பும் வேறொருவரோ உடனிருத்தல் வேண்டும். நீதிமன்றத்துக்குத் திரும்பத் திரும்ப அழைத்தலாகாது. அரசே இவ்வாறு பரிந்து நடக்க வேண்டுமெனில், பெற்றவர் எவ்வளவு பரிந்து நடத்தல் வேண்டும்!

இங்கு ஓர் ஐயம் எழலாம். தாயே அஞ்சி நடுங்கும்போது பிள்ளையைத் தேற்றுவது எங்ஙனம்? பத்தடி அறையில் தூங்காது கிடக்கும் தந்தை, கடனையும் தீய்ந்த பொருளையும் எண்ணிப் புழுங்கும்போது பொறுமை எங்கிருந்து வரும்? ஆதலின் தாய் தந்தையரைத் தேற்றுவது குழந்தையைத் தேற்றுவதன் முதற் படியாகும். அவர்கள் வீட்டுக்கு இரண்டு வேளைச் சோறு கொண்டு சென்று, அலுவலகப் படிவத்தை எழுதிக் கொடுத்து, ஓரிரவு துணைக்குப் படுத்துக்கொள்ளும் அண்டை வீட்டாரும் மருத்துவரைப்போலவே பணி செய்கின்றனர். ஊரும் உறவும் ஆயிரம் கல் தொலைவில் இருக்க, இங்கு நமக்கு நாமே உறவு.

ஊருக்கு அனுப்புவது எக்காலும் தவறு என்று நாம் கூற வரவில்லை. வீட்டுக்குள்ளேயே குழந்தையை வதைப்போர் இருப்பின், அவர்களிடமிருந்து விலக்கிக் காப்பது கடமை. சென்றே தீர வேண்டுமெனில், இயன்றவரை தாயும் உடன் செல்வது நன்று. இயலாதெனில், ஏன் செல்கிறாய், எத்தனை நாள், யார் வந்து அழைத்து வருவார் என்பதைப் பிள்ளைக்குத் தெளிவாகச் சொல்லி, நாள்தோறும் தொலைபேசியில் பேசி, சொன்ன நாளில் அழைத்துக்கொள்ளுங்கள். அவன் செய்த குற்றத்துக்குத் தண்டனையாக அனுப்பப்பட்டான் என்னும் எண்ணம் அவன் நெஞ்சில் வேரூன்ற விடாதீர்கள்.

நாம் தொடக்கத்தில் எண்ணிய சிறுவனிடம் மீண்டும் வருவோம். ரயில் இன்னும் புறப்படவில்லை என்று வைத்துக்கொள்வோம். தந்தை அவனை இறக்கி வீட்டுக்கு அழைத்து வருகிறார். தாய் சில நாட்கள் அவன் விழிக்குமுன் அடுப்பை மூட்டுவதில்லை; அவன் எழுந்தபின், ‘இப்போது பற்றவைக்கப் போகிறேன், என் பக்கத்தில் வா’ என்று சொல்லிவிட்டே பற்றவைக்கிறாள். அதனால் இட்டலி விற்பனை சற்றுத் தாமதப்படலாம். சில ரூபாய் குறையலாம். ஆனால் ஒருநாள் அச்சிறுவன் தானே வந்து தாயின் முந்தானையைப் பற்றியபடி அந்த நீல நெருப்பை நோக்கி நிற்பான். அந்நாள் வரும்வரை அவன் அருகிருப்பது நம் பொறுப்பு.