கண்ணைக் காட்டச் சொல்லும் முன்…

(நியாயவிலைக் கடைப் பணியாளர்களுக்கான பயிற்சி வகுப்பில் ஆற்றிய உரை)



கைரேகை தேய்ந்துபோன ஒரு பாட்டி கடைக்கு வர்றாங்க. நாலு தடவை விரலை வச்சும் ஒத்துப்போகலை. அப்போது கைகொடுப்பதுதான் கருவிழிக் கருவி. இதை ‘விழித்திரைப் பதிவு’ என்று பலர் சொல்வது தவறு. விழித்திரை கண்ணுக்குள் பின்பக்கம் இருப்பது. இந்தக் கருவி படம் எடுப்பது, கண்பாவையைச் சுற்றியுள்ள நிற வளையத்தை.

கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகப் பேராசிரியர் ஜான் டாக்மன் 1990களின் தொடக்கத்தில் உருவாக்கிய முறை, அந்த வளையத்தின் நெளிவுகளை 2048 பிட் குறியீடாக மாற்றுகிறது. நாற்று நட்டாலும் செங்கல் சுமந்தாலும் விரல்ரேகை தேயும், கருவிழி தேயாது. இரட்டையருக்குக்கூட அது வேறுவேறுதான்.

மாறாமல் இருப்பதுதான் இதன் பலம். ஆபத்தும் அதுவேதான். பாஸ்வேர்டு திருடு போனா மாத்திக்கலாம். கண்ணை மாத்த முடியுமா? 2017-இல் ஜெர்மனியின் கேயாஸ் கம்ப்யூட்டர் கிளப், அச்சிட்ட கண் படத்தின்மேல் கான்டாக்ட் லென்ஸை வைத்து, ஒரு செல்பேசியின் கருவிழிப் பூட்டைத் திறந்து காட்டியது. அதே ஆண்டு ஆகஸ்ட் 24 அன்று, தனியுரிமை ஓர் அடிப்படை உரிமை என நம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆதாருக்காகப் பெற்ற கைரேகை, கருவிழித் தகவல்களை யாருடனும் பகிரக் கூடாது என்கிறது 2016 ஆதார் சட்டத்தின் 29-ஆம் பிரிவு.

ஆகவே, மூணு விஷயம் மனசுல வச்சுக்கோங்க.

ஒன்று, எதற்காகக் கண்ணைப் பதிகிறோம் என்று முதலில் சொல்லுங்கள். “அரிசி வாங்கறதுக்குத்தாம்மா” என்று ஒரு வார்த்தை போதும். அங்கீகரித்த கருவியைத் தவிர, சொந்தச் செல்பேசியில் யார் கண்ணையும் படம் எடுக்காதீர்கள்.

இரண்டு, எம்-ஆதார் செயலியில் கைரேகை, கருவிழிப் பதிவுகளைப் பூட்டி வைக்கலாம் என்று மக்களிடம் சொல்லுங்கள். பூட்டியவர்கள் கடைக்கு வரும்போது மறக்காமல் திறந்துகொள்ள வேண்டும். ஆதாரில் செல்பேசி எண் பதிவாகியிருப்பதும் அவசியம். சந்தேகம் இருந்தால் 1947-க்கு அழைக்கலாம்.

மூன்று, கண்புரை, கண் அறுவை சிகிச்சை போன்ற காரணங்களால் கருவிழியும் பதிவாகாமல் போகலாம். அதற்காக யாரையும் வெறுங்கையோடு அனுப்பக் கூடாது. மாற்று வழியில் பொருள் கொடுத்து, அதைத் தனிப் பதிவேட்டில் குறிக்க வேண்டும் என்று 2017 அக்டோபரிலேயே ஆதார் ஆணையம் சுற்றறிக்கை அனுப்பியிருக்கிறது.

கருவி ‘இல்லை’ன்னு சொன்னாலும், எதிரே நிற்கிறது அதே பாட்டிதான். அதை மறக்காதீங்க.