யார்கூட விளையாடுறீங்க?



இரவு பதினொன்றரை மணி இருக்கும். வீட்டில் எல்லோரும் படுத்தாயிற்று. நான் மட்டும் கூடத்தில் ஃபேனுக்கு நேர்கீழே உட்கார்ந்து, காதில் இயர்போன் மாட்டிக்கொண்டு, போனைக் குறுக்காகப் பிடித்திருக்கிறேன். தண்ணீர் குடிக்க எழுந்து வந்த அக்கா மகள் என் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தாள்.

'யார்கூட விளையாடுறீங்க மாமா?'

'தெரியலையே' என்றேன்.

சிரித்துக்கொண்டே போய்விட்டாள். ஐம்பது தாண்டிய மனுஷன் ராத்திரியில் துப்பாக்கி விளையாட்டு ஆடுவதே சிரிப்புதான். யாரோடு ஆடுகிறோம் என்றும் தெரியாது என்றால் கேட்கவே வேண்டாம். ஆனால் நான் சொன்னது உண்மை.

விஷயம் தெரியாத நேயர்களுக்காகக் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன். பப்ஜி என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். இந்தியாவில் இப்போது பிஜிஎம்ஐ என்ற பெயரில் இருக்கிறது. நூறு பேர் வரை ஒரே விமானத்தில் ஒரு தீவின் மேல் பறப்பார்கள். அவரவர் விருப்பப்பட்ட இடத்தில் பாராசூட்டில் குதித்து, காலி வீடுகளில் கிடக்கும் ஆயுதங்களைப் பொறுக்கிக்கொண்டு சண்டை போட வேண்டும். கடைசிவரை உயிரோடு இருப்பவருக்கு வெற்றி. இதை உருவாக்கிய பிரெண்டன் கிரீன் அயர்லாந்துக்காரர். முதல் தீவுக்கு எராங்கல் என்று பெயர் வைத்தார். எரின் என்ற தன் மகளின் பெயரிலிருந்து வந்தது அது. இத்தனை பேர் சுட்டுக்கொண்டு சாகிற இடத்துக்கு மகள் பெயரா என்று எனக்கு இன்னும் ஆச்சரியம்தான்.

இதை நான்கு நான்கு பேர் அணியாகச் சேர்ந்தும் ஆடலாம். ஸ்குவாட் என்பார்கள். பையன்கள் பெரும்பாலும் தெருத் தோழர்கள், கல்லூரித் தோழர்கள் என்று நாலு பேர் பேசிவைத்துக்கொண்டுதான் வருவார்கள். என்னைப்போல ஒண்டியாக வந்து 'ஸ்டார்ட்' பொத்தானை அழுத்துகிறவனுக்கு, ஆட்டமே எங்கிருந்தோ மூன்று பேரைப் பிடித்துக்கொண்டு வந்து சேர்த்துவிடும். அந்த முன்பின் தெரியாத ஆட்களுக்குப் பிள்ளைகள் வைத்திருக்கும் பெயர் 'ரேண்டம்'. 'நேத்து ரேண்டம்கூடப் போனேன், ஒருத்தனும் தேறலை' என்று சலித்துக்கொள்வார்கள். அந்த மூன்று பேர் வீட்டிலும் என்னைப் பற்றி அதே பேச்சு நடந்திருக்கும்.

விமானம் கிளம்புவதற்கு முன் எல்லோரையும் ஒரு சின்ன இடத்தில் கொண்டுவந்து விடுவார்கள். அங்கே அடித்தாலும் யாருக்கும் வலிக்காது. கொஞ்ச நேரம்தான். அந்த நேரத்துக்குள் ஒருவர் ஓடுவார், ஒருவர் தாவிக் குதிப்பார், ஒருவர் காரணமே இல்லாமல் பக்கத்தில் நிற்பவரை மொத்துவார். வாத்தியார் வகுப்புக்கு வருவதற்கு முந்தைய ஐந்து நிமிடம் எப்படி இருக்குமோ அப்படி. ஆட்டத்திலேயே எனக்குப் பிடித்த இடம் அதுதான்.

ஒருநாள் நடந்ததைச் சொல்கிறேன். எனக்குக் கிடைத்த மூவரில் இரண்டு பேர் நண்பர்கள் போல. இந்தியில் ஓயாமல் பேசிக்கொண்டிருந்தார்கள். மூன்றாவது ஆள் மைக்கே போடவில்லை. இந்திக்காரர்கள் இருவரும் ஊருக்கு நடுவே குதித்து, இரண்டே நிமிடத்தில் செத்து, அடுத்த ஆட்டத்துக்குப் போய்விட்டார்கள். நானும் அந்த ஊமை ஆளும் மட்டும் மிச்சம். அவர் முன்னால் போவார், நான் பின்னால். அரைமணி நேரம் ஒரு வார்த்தை கிடையாது.

கடைசியில் ஒரு வெட்டவெளியில் என்னை யாரோ சுட்டு வீழ்த்திவிட்டார்கள். இந்த ஆட்டத்தில் சுடப்பட்டதும் உடனே உயிர் போகாது. மண்டியிட்டுத் தவழ்ந்துகொண்டிருப்போம். 'நாக்' ஆகிவிட்டான் என்பார்கள். கூட்டாளி ஒருவர் பக்கத்தில் வந்து சில விநாடி அசையாமல் உட்கார்ந்தால்தான் எழுப்ப முடியும். அந்தச் சில விநாடியும் அவர் சுடவும் முடியாது, ஓடவும் முடியாது. என்னை விட்டுவிட்டுப் பாறைக்குப் பின்னாலேயே பதுங்கியிருந்தால் அவருக்கு இன்னும் மேலான இடம் கிடைத்திருக்கும். தரவரிசைப் புள்ளியும் கூடியிருக்கும். ஆனால் அந்த ஆள் புகைக்குண்டு ஒன்றை வீசிவிட்டு, அந்த வெள்ளைப் புகைக்குள் என்னிடம் வந்தார். எழுப்பினார். தன் பையிலிருந்த மருந்துப் பெட்டியை என் காலடியில் வைத்துவிட்டுத் தள்ளி நின்றார்.

நான் மைக்கைப் போட்டு, 'ரொம்ப தேங்க்ஸ் தம்பி' என்றேன்.

பதில் இல்லை. இரண்டு முறை உட்கார்ந்து எழுந்தார். அவ்வளவுதான்.

ஆறாவது இடத்தில் எங்கள் ஆட்டம் முடிந்தது. அவர் பெயர் திரையில் சில விநாடி இருந்தது. நட்புக் கோரிக்கை அனுப்பியிருக்கலாம். நான் அனுப்பவில்லை. அனுப்பியிருந்தால் மறுநாள் 'வர்றீங்களா' என்று கேட்டிருப்பார், வராவிட்டால் வருத்தம், வந்து மோசமாக ஆடினால் கூச்சம். ரயிலில் எதிர் சீட்டுக்காரர் நீட்டிய புளியோதரையைச் சாப்பிட்டுவிட்டு, விழுப்புரத்தில் அவர் இறங்கும்போது விலாசம் கேட்காமல் கையசைக்கிறோமே, அதில் ஒரு நிறைவு இருக்கிறது.

தனியாகத்தான் ஆடப்போகிறாய் என்றால் கம்ப்யூட்டரோடு ஆட வேண்டியதுதானே என்று நண்பர்கள் கேட்பார்கள். வீட்டில் டீத்தூள், பால், சர்க்கரை எல்லாம் இருக்கும்போது எதற்கு டீக்கடைக்குப் போகிறோம்? அங்கே யாரோடும் பேசாமல் பேப்பர் படித்துவிட்டு வருகிறவர்களும் உண்டு. பக்கத்தில் நாலு பேர் இருக்க வேண்டும். அவர்கள் நம்மிடம் பேச வேண்டும் என்று கட்டாயமில்லை.

இதை ஆராய்ந்தே சொல்லியிருக்கிறார்கள். அமெரிக்காவில் நிக்கோலா டுஷனோ, நிக் யீ உள்ளிட்ட நான்கு பேர், 'வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்' என்ற பெரிய ஆட்டத்தைக் கவனித்து 2006-இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். லட்சக்கணக்கானோர் கூடும் அந்த ஆட்டத்தில், பலர் தங்கள் நேரத்தில் பெரும்பகுதியைத் தனியாகவே கழிக்கிறார்கள் என்று கண்டார்கள். மற்றவர்கள் இவர்களுக்குக் கூட்டாளிகள் அல்லர். பார்வையாளர்கள், வேடிக்கைப் பொருள், பக்கத்தில் ஆள் நடமாட்டம் இருக்கிறது என்ற உணர்வு. அந்தக் கட்டுரைக்கு 'சேர்ந்திருந்தும் தனியாகவா' என்ற பொருளில் தலைப்பு வைத்தார்கள். டீக்கடை பெஞ்சு தெரிந்தவர்களுக்கு இதில் புதிதாக ஒன்றும் இல்லை.

முன்பின் தெரியாதவர்கள் கம்பி வழியாகக் கூடி விளையாடுவது ஒன்றும் நேற்றைய கதை அல்ல. 1978-இல் இங்கிலாந்தின் எசெக்ஸ் பல்கலைக்கழகத்தில் ராய் ட்ரப்ஷா என்ற மாணவர் 'மட்' என்ற ஆட்டத்தை எழுதத் தொடங்கினார். ரிச்சர்ட் பார்ட்டில் அதை வளர்த்தார். படமே கிடையாது, எல்லாம் எழுத்து. 'நீ ஒரு குறுகலான பாதையில் நிற்கிறாய்' என்று திரையில் வரும். பல்கலைக்கழகக் கணினிக்குப் பகலில் வேறு வேலை இருந்ததால், வெளியாட்கள் இரவில் வந்து ஆடினார்கள். எனக்கு முன்னோடிகள் அவர்கள்.

சரி, எந்த மூன்று பேரை என்னோடு சேர்ப்பது என்று யார் முடிவு செய்கிறார்கள்? எங்கள் தெருவில் கிரிக்கெட்டுக்கு ஆள் பிரிக்கும்போது இரண்டு கேப்டன்கள் மாறி மாறிக் கூப்பிடுவார்கள். யார் எப்படி ஆடுவான் என்று எல்லோருக்கும் தெரியும். கடைசியில் மிஞ்சுகிறவன் முகம் தொங்கிப்போகும். அந்தக் கடைசி ஆள் பலமுறை நான்தான். இணைய ஆட்டங்களில் அந்த வேலையைக் கணக்கு செய்கிறது. ஹங்கேரியில் பிறந்து அமெரிக்காவில் இயற்பியல் பேராசிரியராக இருந்த ஆர்பாட் எலோ, சதுரங்க வீரர்களின் திறமையை எண்ணாக மாற்ற ஒரு வழி கண்டுபிடித்தார். உலகச் சதுரங்க அமைப்பான ஃபிடே 1970-இல் அதை ஏற்றுக்கொண்டது. பலசாலியை ஜெயித்தால் எண் நிறைய ஏறும், எளியவனிடம் தோற்றால் நிறைய இறங்கும். அதே யோசனையை அணியாக ஆடுகிறவர்களுக்கும் பொருந்தும்படி நீட்டி, மைக்ரோசாஃப்ட்டின் ஆய்வாளர்கள் எக்ஸ்பாக்ஸுக்கு 'ட்ரூஸ்கில்' என்ற முறையைச் செய்தார்கள். இன்று ஒவ்வொரு ஆட்டமும் தனக்கென்று ஒரு கணக்கு வைத்திருக்கிறது. கடைசியாகக் கூப்பிடப்படும் அவமானம் ஒழிந்தது. அதற்காகவே அந்தக் கணக்குக்கு ஒரு கும்பிடு போடலாம்.

ஆள் போதவில்லை என்றால் இந்த வகை ஆட்டங்களில் 'பாட்'களைப் போட்டு நிரப்புவதும் உண்டு. உயிரில்லாத ஆட்கள். நம் சிறுபிள்ளை விளையாட்டில் ஒப்புக்குச் சப்பாணி என்று ஒரு குழந்தையைச் சேர்த்துக்கொள்வோமே, அந்த வகை. நேர்கோட்டில் ஓடும், நின்று யோசிக்காது, பக்கத்திலிருந்து சுட்டாலும் குறி தவறும். ஒருமுறை எதிரணி ஆள் ஒருவர் என்னைச் சுடாமல் விட்டுவிட்டுப் போனார். நெகிழ்ந்துபோனேன். பிறகு பார்த்தால் அது பாட்.

அந்நியர்கள் நல்லவர்களாக நடப்பதும் கெட்டவர்களாக நடப்பதும் அவரவர் குணம் என்றுதான் நானும் நினைத்திருந்தேன். 'ஜர்னி' என்ற ஆட்டத்தின் கதையைத் தெரிந்துகொண்ட பிறகு அந்த நினைப்பு மாறிவிட்டது. 2012-இல் பிளேஸ்டேஷனுக்கு வந்தது. ஷாங்காயில் பிறந்த ஜெனோவா சென் என்பவரின் குழு செய்தது. பாலைவனத்தில் அங்கி போர்த்திய ஓர் உருவம், தூரத்தில் ஒரு மலை. நடக்க வேண்டியதுதான். வழியில் எங்கிருந்தோ இன்னொரு உருவம் வந்து சேரும். உலகத்தின் ஏதோ ஒரு மூலையில் ஆடிக்கொண்டிருக்கும் ஒரு மனிதர் அவர். பெயர் தெரியாது, பேச முடியாது. பறவை போல ஒரு குரல் எழுப்பலாம், அவ்வளவுதான்.

இந்த ஆட்டத்தைச் சோதித்துப் பார்த்த காலத்தில் ஓர் உருவம் இன்னொன்றைத் தள்ள முடிந்தது. மேட்டில் ஏற ஒருவருக்கொருவர் கைகொடுப்பார்கள் என்று எதிர்பார்த்துத்தான் அப்படி வைத்தார்கள். ஆடியவர்களோ கூட வந்தவரைப் பள்ளத்தில் தள்ளிவிட்டு வேடிக்கை பார்த்தார்கள். சென் குழுவினர் யாருக்கும் புத்தி சொல்லவில்லை. தள்ளும் வசதியை எடுத்துவிட்டார்கள். இருவர் அருகருகே வந்து தொட்டால் இருவரின் கழுத்துத் துணியும் ஒளிர்ந்து பறக்கும் சக்தி கூடும் என்று மாற்றினார்கள். மனிதர்கள் அதே மனிதர்கள்தான். இப்போது பனிக்காற்றில் ஒட்டிக்கொண்டு நடந்தார்கள், பின்தங்கியவருக்காகக் காத்திருந்தார்கள். ஆட்டம் முடிந்த பிறகுதான் கூட வந்தவர்களின் பெயர்கள் திரையில் வரும்.

நம் பேருந்து நிலையங்களையும் ரேஷன் கடை வரிசைகளையும் கட்டுகிறவர்கள் ஒருமுறை இதை விளையாடிப் பார்க்கலாம்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பப்ஜியை அரசு 2020 செப்டம்பர் 2-ஆம் தேதி, 118 செயலிகள் கொண்ட பட்டியலில் சேர்த்துத் தடைசெய்தது. அக்டோபர் 30-ஆம் தேதியோடு ஆட்டம் இந்தியாவில் நின்றது. நண்பர்களோடு ஆடியவர்களுக்கு நண்பர்களின் போன் நம்பர் இருந்தது. ரேண்டம்களின் நம்பர் யாரிடம் இருக்கிறது? மறு ஆண்டு ஜூலையில் பிஜிஎம்ஐ வந்தபோது திரும்பி வந்தேன். பழைய ஆட்கள் யாராவது அதில் இருந்தாலும் எப்படிக் கண்டுபிடிப்பது?

அந்தப் புகைக்குண்டுக் கதையை ஒருநாள் அக்கா மகளிடம் பெருமையாகச் சொன்னேன். 'அந்தத் தம்பி இல்லைன்னா நான் அன்னிக்கே அவுட்' என்றேன்.

'தம்பின்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?' என்றாள்.

நான் விழித்தேன். பிறகுதான் அவளும் இரண்டு வருஷமாக இதை ஆடுகிறாள் என்று தெரிந்தது. ஆட்டத்தில் அவள் வைத்திருப்பது பையன் பெயர். மைக் எப்போதும் அணைந்தே இருக்கும். முதல் வாரத்தில் ஒருமுறை மைக்கைப் போட்டு 'வலப்பக்கம் ஆள் இருக்கு' என்றாளாம். ஆட்டம் முடிகிறவரை அவள் வயது என்ன, ஊர் எது, நம்பர் என்ன என்று ஒரே நச்சரிப்பு. அவ்வளவுக்கும் நடுவே வலப்பக்கம் இருந்த ஆள் எல்லோரையும் சுட்டுவிட்டுப் போய்விட்டான்.

ஜெஃப்ரி குஸ்நெகாஃப், லிண்ட்சி ரோஸ் என்ற இரு ஆய்வாளர்கள் 'ஹேலோ 3' ஆட்டத்தில் இதைச் சோதித்து 2013-இல் எழுதினார்கள். முன்கூட்டியே பதிவுசெய்த ஒரே மாதிரி வாசகங்களைச் சில ஆட்டங்களில் ஆண் குரலிலும், சில ஆட்டங்களில் பெண் குரலிலும் ஒலிக்கவிட்டார்கள். சிலவற்றில் குரலே இல்லை. பெண் குரலுக்கு வந்த வசவு, ஆண் குரலுக்கு வந்ததைப்போல மூன்று மடங்கு. சொன்ன வார்த்தையில் எந்த வித்தியாசமும் இல்லை.

குரலில்லாமலே காரியத்தை நடத்த வழி செய்தவர்களும் உண்டு. 2019 பிப்ரவரியில் வந்த 'ஏபெக்ஸ் லெஜண்ட்ஸ்' ஆட்டத்தில் ஓர் இடத்தைக் குறிவைத்து ஒரு பொத்தானை அழுத்தினால் போதும். எதிரி இருந்தால் எதிரி, துப்பாக்கி கிடந்தால் துப்பாக்கி என்று கூட்டாளிகளுக்குத் தெரிந்துவிடும். இந்தியும் வேண்டாம், இங்கிலீஷும் வேண்டாம், ஆணா பெண்ணா என்ற கேள்வியும் எழாது. நல்ல ஏற்பாடு. ஆனால் வாயை மூடிக்கொள்ள வேண்டியவர் ஒருவர் இருக்க, இன்னொருவர் மூடிக்கொள்கிறார் என்பதையும் கவனிக்கத்தான் வேண்டியிருக்கிறது.

அக்கா மகளைக் கேட்டேன். 'அப்படின்னா அன்னிக்கு என்னை எழுப்பினது...?'

'நான் இல்லை மாமா. நானா இருந்தா உங்க பையைத் தூக்கிட்டு ஓடியிருப்பேன்' என்றாள்.

அதிலிருந்து நானும் மைக் போடுவதில்லை. போன வாரம் ஒரு பையன் பாலத்தடியில் விழுந்து கிடந்தான். தமிழ்ப் பையன், மதுரைப் பேச்சு. என்னிடம் புகைக்குண்டு இல்லை. அப்படியே ஓடிப்போய் எழுப்பி, கையில் இருந்த கட்டுத்துணியில் பாதியைக் கீழே வைத்தேன்.

'தேங்க்ஸ் ப்ரோ' என்றான். கொஞ்சம் தயங்கினான். 'ப்ரோவா, அக்காவா?'

நான் இரண்டு முறை உட்கார்ந்து எழுந்தேன்.