அதே இடத்தில், அடுத்த ஆண்டும்

பட்டம் பெறும் மாணவச் செல்வங்களே, அவர்களைவிடப் படபடப்பாக உட்கார்ந்திருக்கும் பெற்றோர்களே, எனக்குக் கொடுத்த நேரம் குறைவு. நேராக ஒரு கப்பலுக்குப் போய்விடுகிறேன்.

அதன் அன்றைய பெயர் ஜேம்ஸ் கிளார்க் ராஸ். பிரிட்டனின் அண்டார்க்டிக் ஆய்வுக்காக டைன் ஆற்றங்கரையில் கட்டி, 1990 டிசம்பரில் நீரில் இறக்கினார்கள். 99 மீட்டர் நீளம். விருந்தினர் ஆய்வாளனாக நானும் அதில் போயிருக்கிறேன். பனிக்கடல் கப்பல் பனியை வெட்டிக்கொண்டு போகும் என்று பலரும் நினைக்கிறார்கள். வெட்டாது. அதன் சரிந்த முகப்பு பனிப்பாளத்தின்மேல் ஏறும். கப்பலின் எடை பாளத்தை அமுக்கி உடைக்கும். ஒரு மீட்டர் தடிமனுள்ள பனியில் நாம் நடக்கிற வேகத்தில் போகும். பனியைத் தாங்குவதற்காக உருண்டு அமைந்த அதன் அடிப்பாகம் திறந்த கடலுக்கு வந்ததும் பாடாய்ப் படுத்திவிடும். முதல் சில நாள் சாப்பாட்டு அறையின் வாசலோடு நான் திரும்பிவிட்டேன்.

அந்நாளில் செப்டம்பர் வாக்கில் இங்கிலாந்திலிருந்து கிளம்பினால் மே, ஜூனில்தான் திரும்பும். ஆய்வோடு, நிலையங்களுக்கு டீசலும் காய்கறியும் ஆட்களும் கொண்டுபோக வேண்டியிருந்தது. சரக்கு இறக்கும் நாளில் பேராசிரியரும் பெட்டி தூக்குவார். எந்தப் பட்டமளிப்பு விழாவிலும் இதைச் சொல்லாமல் நான் விட்டதில்லை.

ஆனால் இன்று சொல்ல வந்தது வேறு. தென் அமெரிக்காவின் முனைக்கும் அண்டார்க்டிகாவுக்கும் நடுவே டிரேக் நீரிணை இருக்கிறது. உலகின் மிகப் பெரிய கடல் நீரோட்டம் அந்த வழியாகத்தான் போகிறது: விநாடிக்கு 13 கோடி கன மீட்டருக்கும் மேல். பூமியின் ஆறுகள் அத்தனையையும் சேர்த்தாலும் இதில் நூறில் ஒரு பங்கு தேறாது. 1993 முதல் ஏறக்குறைய ஒவ்வோர் ஆண்டும் அங்கே ஒரே கோட்டில், அதே முப்பது இடங்களில் அளந்து வருகிறார்கள். பெரும்பாலும் அளந்தது இந்தக் கப்பல்தான். ஒவ்வோர் இடத்திலும் கப்பலை நிறுத்தி, வெப்பம், உப்பு, ஆழம் அளக்கும் கருவியையும் அதைச் சுற்றி நீர் அள்ளும் குழாய்களையும் கம்பியில் கட்டி இறக்குவார்கள். நிமிடத்துக்கு அறுபது மீட்டர். நான்காயிரம் மீட்டர் ஆழமென்றால் போய்த் திரும்ப இரண்டரை மணி நேரமாவது ஆகும். இரவு இரண்டு மணிக்கு, அலையில் கப்பல் நகராமல் பிடித்து வைப்பவர் ஒருவர். கம்பியை இறக்கும் வின்ச்சின் பிடியில் கைவைத்து விறைத்துப்போய் நிற்பவர் இன்னொருவர். கட்டுரையில் ஆசிரியராக அவர்கள் பெயர் வராது.

இத்தனை ஆண்டு அளந்து என்ன தெரிந்தது? மொத்த ஓட்டம் கொஞ்சம் ஏறுகிறது, கொஞ்சம் இறங்குகிறது, பெரிதாக மாறவில்லை. இதற்கா இவ்வளவு டீசல் என்று கேட்பீர்கள். மாறவில்லை என்று சொல்வதற்கே அத்தனை ஆண்டு வேண்டியிருந்தது. ஒரே ஒருமுறை போய் அளந்தவரால் அதைச் சொல்லவே முடியாது.

நான் பரங்கிப்பேட்டையில் படித்தபோது வெள்ளாற்று முகத்துவாரத்தில் வாராவாரம் நீர் எடுத்து, சில்வர் நைட்ரேட் ஊற்றி உப்பளவு பார்க்க வேண்டும். "போன வாரம்தானே ஐயா எடுத்தோம்?" என்றேன். "அது போன வாரத் தண்ணிப்பா" என்றார் ஆசிரியர். அதற்குமேல் விளக்கவில்லை. எனக்குக் கோபம்தான் வந்தது. படகுக்காரருக்கு மட்டும் சிரிப்பு.

2021 ஆகஸ்டில் உக்ரைன் அந்த ஜேம்ஸ் கிளார்க் ராஸ் கப்பலை வாங்கி, நூஸ்ஃபெரா என்று பெயர் மாற்றியது. 2022 ஜனவரி 28 அன்று ஒடேசாவிலிருந்து தெற்கே கிளம்பியது. நாலு வாரத்துக்குள் உக்ரைனில் போர். திரும்பத் துறைமுகம் இல்லை, குடும்பங்கள் ஊரில். ஆனாலும் அண்டார்க்டிகாவில் உள்ள தங்கள் வெர்னாட்ஸ்கி நிலையத்துக்குப் புதிய குழுவையும் பொருள்களையும் கொண்டுபோய்ச் சேர்த்தார்கள். பிறகு கப்பல் கேப் டவுனில் தங்கியது. அந்த நிலையமும் முன்பு பிரிட்டனுடையதுதான். 1996-இல் ஒரு பவுண்டுக்குக் கைமாறியது. ஓசோன் ஓட்டையை 1985-இல் உலகுக்குச் சொன்ன கட்டுரையின் அளவீடுகளில் ஒரு பகுதி அங்கே எடுத்தது. அந்த அளவீட்டை உக்ரைன்காரர்கள் விடாமல் தொடர்கிறார்கள்.

நம் கதைக்கு வருவோம். 1981-இல் கோவாவிலிருந்து இந்தியாவின் முதல் அண்டார்க்டிக் குழு போனது போலார் சர்க்கிள் என்ற நார்வே நாட்டு வாடகைக் கப்பலில். அன்று வாடகை சரிதான். மைத்ரி, பாரதி என்று அங்கே நிலையங்கள் கட்டிய பிறகும் வாடகைக் கப்பலையே நம்பியிருந்தது எனக்கு உறுத்தல். வாடகைக் கப்பல் சரக்கைச் சேர்க்கும். அதே கோட்டுக்கு ஆண்டுதோறும் போய் நிற்குமா? கப்பல் கட்டும் படிப்பு முடித்தவர்கள் இந்த அரங்கில் இருக்கிறீர்கள். உங்களைத்தான் கேட்கிறேன்.

மற்றவர்களுக்கு ஒரு தகவல். நிலையங்களில் ஓராண்டு தங்க மருத்துவர், எலக்ட்ரீஷியன், மெக்கானிக், சமையற்காரர் எல்லாரையும் கோவாவிலுள்ள துருவ ஆய்வு மையம் எடுக்கிறது. விளம்பரம் வரும்போது விண்ணப்பியுங்கள். பெற்றோரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.