செத்தவனுக்கு உயிருள்ளவள் மேல் என்ன பாத்தியதை?

(திருக்கோவிலூர் பொதுக்கூட்டத்தில் செய்த சொற்பொழிவு)



இன்று ஒரு பேய்க்கதை சொல்லப் போகிறேன். "பேயுமில்லை, பூதமுமில்லை என்று ஊரூராய்ச் சொல்லித் திரிகிறவனுக்குப் பேய்க்கதை எதற்கு?" என்று கேட்பீர்கள். பேய் இல்லைதான். ஆனால் பேயைப் பற்றி மனிதன் கட்டிவிட்ட கதையில் மனிதனுடைய யோக்கியதை தெரிகிறதல்லவா? அதற்காகவே சொல்லுகிறேன்.

பிராம் ஸ்டோக்கர் என்ற அயர்லாந்துக்காரர் 1897-ம் வருஷத்தில் "டிராகுலா" என்று ஒரு நாவல் வெளியிட்டார். எப்போதோ செத்துப்போன ஒரு பிரபு, இரவில் சவப்பெட்டியை விட்டு எழுந்து வந்து, பெண்களின் கழுத்தைக் கடித்து இரத்தம் குடிக்கிறான். கடிபட்டவள் கொஞ்சங்கொஞ்சமாய்ச் சுயபுத்தி இழந்து அவன் வசமாகிறாள். அதில் ஒரு விசேஷம்: வீட்டிலுள்ளவர் யாராவது முதலில் "வா" என்று அழைத்தாலொழிய அந்தப் பேய் உள்ளே நுழைய முடியாது. ஆனால் ஒரு தரம் அழைத்துவிட்டாலோ, அப்புறம் இஷ்டப்படி வரலாம். யாரையும் கேட்க வேண்டியதில்லை. இந்த விதியை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

நிற்க, சீமைக்கதை கிடக்கட்டும். செத்தவன் உயிருள்ள பெண்ணைக் கொண்டுபோன கதை இந்த ஊரிலேயே கல்லில் வெட்டியிருக்கிறது. வீரட்டானேசுவரர் கோவிலிலுள்ள ராஜராஜ சோழன் காலத்துச் சாசனத்தைச் சொல்லுகிறேன். அவன் தாயார் வானவன் மாதேவி இவ்வூரை ஆண்ட மலையமான் குலத்துப் பெண். புருஷன் சுந்தர சோழன் இறந்ததும், பால் குடிக்கும் பிள்ளையை விட்டுவிட்டு நெருப்பில் இறங்கினாள் என்றும், நெருப்பிலும் புருஷனைப் பிரியாதவள் என்றும் அதில் புகழ்ந்திருக்கிறது. பெற்ற பிள்ளையைப் பிரியலாமாம். செத்த புருஷனைப் பிரியக்கூடாதாம்! டிராகுலாவாவது கடித்துத்தான் இழுத்துப் போனான். இங்கே பிணம் படுத்த இடத்திலிருந்தே இழுத்துக்கொண்டது. அதற்குக் கைகால்களாய் நின்று வேலை செய்தவை மதமும் குலப்பெருமையும்.

அதே சாசனத்தில் கபிலர் சங்கதியும் வருகிறது. பாரியின் மகளை மலையனுக்குக் கொடுத்துவிட்டு, பெண்ணையாற்றுக் கல்லிலே அவர் தீப்புகுந்தாராம். கபிலர் குன்று என்று நீங்கள் தினமும் பார்க்கும் பாறைதான் அது. கபிலர் நல்லவர், சிநேகிதனுக்காக உயிரை விட்டவர். அவரை நான் குறை சொல்ல வரவில்லை. ஆனால் அந்தப் பெண்களை விச்சிக்கோனிடமும் இருங்கோவேளிடமும் அழைத்துப்போய், ஏற்றுக்கொள்ளும்படி அவர் கேட்டதும், அவர்கள் ஏற்காததும் புறநானூற்றில் இருக்கிறது. அரசர்களுக்கு வேண்டாமென்று சொல்ல உரிமை இருந்தது. பெண்களுக்கு இருந்ததா? அவர்கள் ஊமைகளல்ல, பாட்டுக் கட்டத் தெரிந்தவர்கள். தகப்பனை இழந்து அவர்கள் பாடியது அதே நூலில் இருக்கிறது. தங்கள் கல்யாணத்தைப் பற்றி என்ன நினைத்தார்கள் என்பதுதான் எங்கும் இல்லை.

"ராணி மனமுவந்துதானே விழுந்தாள்?" என்று பண்டிதர்கள் கேட்பார்கள். சரி, விழாதிருந்தால் அவள் கதி என்ன? விதவைக் கோலமும், அபசகுனம் என்ற பட்டமும், மூலையும்தானே? ஒரு பக்கம் மூலை, மறுபக்கம் சிதை, நடுவில் நிறுத்தி "உன் இஷ்டம் எது?" என்று கேட்பதற்குப் பேர் சம்மதமா? வங்காளத்தில் பெண்ணைப் பிணத்தோடு கட்டி, எழுந்திருக்க முடியாதபடி மூங்கிலால் அழுத்தினார்கள் என்று ராம்மோகன் ராய் எழுதினார். மனமுவந்து வருகிறவளுக்கு மூங்கில் எதற்கு, கயிறு எதற்கு?

1829-ல் வங்காளத்திலும் 1830-ல் சென்னை மாகாணத்திலும் இதற்குத் தடை வந்தது. அதோடு ஒழிந்ததென்று நினைக்காதீர்கள். 1987-ம் வருஷம் செப்டம்பரில், ராஜஸ்தானத்துத் தேவராலா கிராமத்தில் 18 வயதுப் பெண் புருஷன் சிதையில் எரிந்தாள்; ஆயிரக்கணக்கானோர் அங்கே போய்க் கும்பிட்டார்கள். அதன் பிறகுதான் சதியைப் புகழ்வதும் குற்றமென்று சட்டம் செய்தார்கள். அதற்காக நமது கோவில் கல்லை உடைக்கச் சொல்லவில்லை. அது இருக்கட்டும், சாட்சி வேண்டுமல்லவா?

இனி அந்தப் பேயின் விதிக்கு வருவோம். ஒரு தரம் அழைத்தால் எப்போதும் வரலாம் என்பது பேய்க்கு மட்டுமா? 1860-ம் வருஷத்து இந்தியத் தண்டனைச் சட்டம், மனைவிக்குப் பத்து வயது ஆகிவிட்டால் புருஷன் செய்வது பலாத்காரமாகாது என்றது. 1890-ல் கல்கத்தாவில் பத்துப் பதினோரு வயதுச் சிறுமி அப்படியே புருஷனால் செத்தாள். 1891-ல் பத்தைப் பன்னிரண்டாக்கினார்கள். அதற்கே சாஸ்திரம் கெட்டதென்று திலகர் முதலானவர்கள் கூச்சல் போட்டார்கள். 2017-ல்தான் சுப்ரீம் கோர்ட்டு பதினெட்டு வயது என்றது. 2024-ல் அமுலுக்கு வந்த புதிய சட்டத்திலும், பதினெட்டு நிரம்பிய மனைவி வேண்டாமென்று சொன்னாலும், அது பலாத்காரத்தில் சேராது. தாலி கட்டிய அன்று சொன்னதாக வைத்துக்கொள்ளும் ஒரு "வா", ஆயுள் முழுவதற்கும் போதுமாம்! அந்த "வா"வையும் பெரும்பாலும் பெண்ணா சொல்லுகிறாள்? தகப்பன் கன்னிகாதானம் செய்கிறான். பசுவையும் பூமியையும் தானம் செய்வதுபோல.

தோழர்களே! புரோகிதனில்லாத நமது திருமணம் 1967-ம் வருஷத்துச் சட்டத்தால் செல்லுபடியாயிற்று. சந்தோஷம்தான். ஆனால் ஐயரை நீக்கிவிட்டு, பெண்ணைக் கேட்காமலே மாலை மாற்ற வைத்தால் என்ன பிரயோஜனம்? ஆகையால் இனிமேல் என்னைத் திருமணத்துக்குப் பேச அழைக்கிறவர்களுக்கு ஒரு நிபந்தனை. பத்திரிகை அச்சுக்குப் போகுமுன் தகப்பனும் மாமனும் வெளியே இருக்கட்டும். நம் இயக்கத்துத் தாய்மார் இரண்டு பேர் பெண்ணிடம் தனியே உட்கார்ந்து கேட்கட்டும். அவள் வேண்டாமென்றால் அதோடு சரி. பந்தல்காரனுக்குக் கொடுத்த முன்பணம் போனால் போகட்டும், அதை நான் வசூல் செய்து கொடுக்கிறேன்.