இரண்டாம் இடத்து வீரர்



வெற்றி பெற்றவர்களின் வரலாற்றை எழுத எல்லா நாட்டிலும் ஆள் உண்டு. வெற்றியின் வாயில் வரை சென்று, படியேறாமல் திரும்ப நேர்ந்தவர்களைப் பற்றிப் பேசுவோர் சிலரே. அத்தகைய ஒருவரைப் பற்றி இன்று பேச விரும்புகிறேன். அவர் பெயர் மைக்கேல் பலாக், ஜெர்மானியக் கால்பந்தாட்டக்காரர், நடுக்களத்தில் ஆடியவர்.

நடுக்கள ஆட்டக்காரரின் வேலை இன்னதென்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். பின்னே காவல் நிற்போரிடமிருந்து பந்தைப் பெற்று, முன்னே விரைவோரிடம் சேர்ப்பது அவர் கடமை. எதிரி பந்தோடு வந்தால் குறுக்கே நின்று தடுப்பதும் அவர் கடமையே. மொழிபெயர்ப்பாளனாகிய எனக்கு இந்தப் பணியில் தனி ஈடுபாடு உண்டு. ஒருவர் சொன்னதை மற்றொருவரிடம் சேர்ப்பதே என் தொழில்; சேர்ந்த பிறகு சேர்த்தவனை எவரும் நினைப்பதில்லை. பலாக்கோ பந்தைச் சேர்ப்பித்ததோடு நில்லாமல், தாமே கோல் போடவும் வல்லவராயிருந்தார். தம் நாட்டுக்காக ஆடிய 98 பந்தயங்களில் 42 கோல்கள் போட்டார். நடுக்களத்தில் நின்றவருக்கு இது பெரிய கணக்கு.

அவர் 1976ஆம் ஆண்டு செப்டம்பர் 26ஆம் நாள், போலந்து நாட்டு எல்லையை ஒட்டிய கெர்லிட்ஸ் நகரில் பிறந்தார். அன்று அது கிழக்கு ஜெர்மனி. வளர்ந்தது கார்ல் மார்க்ஸ் ஸ்டாட் என்ற தொழில் நகரில். 1990இல் இரு ஜெர்மனிகளும் ஒன்றாயின. பதினான்கு வயதுச் சிறுவன் வீட்டை விட்டு நகராமலே வேறு நாட்டுக் குடிமகனாகிவிட்டான். ஊரும் கெம்னிட்ஸ் என்ற தன் பழைய பெயரை மீண்டும் ஏற்றது. அவ்வூர்க் கழகத்தில் தொழில்முறை ஆட்டத்தைத் தொடங்கிய பலாக், 1997இல் மேற்கே கைசர்ஸ்லவுட்டர்ன் சென்றார். இரண்டாம் நிலையிலிருந்து அப்பொழுதுதான் முதல் நிலைக்கு ஏறி வந்திருந்த அக்கழகம், மறு ஆண்டே நாட்டின் சாம்பியன் பட்டத்தை வென்றது. தொடக்கம் இவ்வளவு மங்களகரமாக அமைந்தது.

1999இல் அவர் லெவர்குசன் கழகத்தில் சேர்ந்தார். மறு ஆண்டு மே மாதம், பருவத்தின் கடைசிப் பந்தயம். எதிரி, உன்டர்ஹாக்கிங் என்ற சிறிய ஊரின் கழகம். சமநிலை கிடைத்தாலே பட்டம் லெவர்குசனுக்கு. கோலை நோக்கி வந்த பந்தைத் தடுக்கச் சென்ற பலாக்கின் காலில் பட்டே பந்து தம் கழகத்தின் கோலுக்குள் புகுந்தது. லெவர்குசன் 2-0 என்று தோற்றது. பாயர்ன் மூனிக் பட்டத்தைக் கொண்டு சென்றது.

2002ஆம் ஆண்டோ இன்னும் கடுமையானது. நாட்டுப் பட்டம் ஒரே ஒரு புள்ளியில் டார்ட்மண்டிடம் போயிற்று. ஜெர்மன் கோப்பையின் இறுதிப் பந்தயத்தில் ஷால்கேயிடம் தோல்வி. நான்கு நாள் கழித்து, கிளாஸ்கோ நகரில் ஐரோப்பியச் சாம்பியன் பட்டத்துக்கான இறுதிப் பந்தயத்தில் ரியல் மாட்ரிடிடம் தோல்வி. மூன்றிலும் இரண்டாம் இடம். அந்த மனநிலையோடுதான் அவர் உலகக் கோப்பைக்காகக் கீழ்த்திசை வந்தார்.

அங்கே கால் இறுதியில் அமெரிக்காவுக்கு எதிராகத் தலையால் முட்டி ஒரே கோலைப் போட்டு அணியைக் காத்தார். ஜூன் 25ஆம் நாள், சோல் நகரில் அரை இறுதி. எதிரி, சொந்த மண்ணில் ஆடிய தென் கொரியா. எழுபது நிமிடம் கடந்தும் கோல் விழவில்லை. ஒரு கொரிய வீரர் பந்தோடு ஜெர்மானியக் கோலை நோக்கிப் பாய்ந்தார். பின்னாலிருந்து ஓடிவந்த பலாக் அவரை இடறி வீழ்த்தினார். நடுவர் மஞ்சள் அட்டையை உயர்த்தினார். முன்பே ஓர் அட்டை பெற்றிருந்த பலாக், அன்றைய விதிப்படி அடுத்த பந்தயத்தில் ஆட முடியாது. அடுத்த பந்தயம் என்பது உலகக் கோப்பையின் இறுதிப் பந்தயம்!

அவர் செய்தது விதிமீறலே, தண்டனையும் முறையானதே. அதை நான் மறைக்கவில்லை. என் வியப்பு அதன் பின் நடந்ததைப் பற்றியது. தமக்கு இனி இறுதிப் பந்தயம் இல்லை என்று அறிந்த மனிதர் அடுத்த நான்கு நிமிடங்களில் என்ன செய்தார்? வலப்புறமிருந்து வந்த பந்தை வலக் காலால் அடித்தார். கோல் காவலர் தடுத்தார். திரும்பி வந்த பந்தை இடக் காலால் அடித்துக் கோலாக்கினார். ஜெர்மனி 1-0 என்று வென்றது. தாம் நுழைய முடியாத மண்டபத்தின் கதவைத் தோழர்களுக்காகத் திறந்துவிட்டார். யோகஹாமாவில் ஜெர்மனி, பிரேசிலிடம் 2-0 என்று தோற்றது. அவர் ஆடியிருந்தால் முடிவு மாறியிருக்குமா என்பதை யார் சொல்ல இயலும்?

பிற்பாடு அவருக்கு வெற்றிகள் வராமல் இல்லை. பாயர்ன் மூனிக் கழகத்தில் நான்கு ஆண்டுகளில் மூன்று முறை பட்டமும் கோப்பையும் ஒருசேரக் கிட்டின. 2006இல் இலண்டன் செல்ஸி கழகத்துக்குச் சென்று, 2010இல் ஆங்கில நாட்டுப் பட்டமும் பெற்றார். ஆனால் 2008இல் மாஸ்கோவில் ஐரோப்பியச் சாம்பியன் பட்டம் பெனால்டி உதைகளில் கை நழுவியது. மறு மாதம் வியன்னாவில், தாம் தலைமை தாங்கிய ஜெர்மனி ஐரோப்பியக் கோப்பையை ஸ்பெயினிடம் இழந்தது.

2010 உலகக் கோப்பையிலிருந்து ஒரு விதி மாறியது. கால் இறுதி முடிந்ததும் தனி மஞ்சள் அட்டைகள் கணக்கிலிருந்து நீக்கப்பட்டன. அரை இறுதியில் பெறும் ஒரு மஞ்சள் அட்டையால் எவரும் இறுதிப் பந்தயத்தை இழக்க வேண்டியதில்லை. அந்த நிவாரணம் பலாக்குக்குப் பயன்படவில்லை. அந்த ஆண்டு மே மாதம் இங்கிலாந்துக் கோப்பையின் இறுதிப் பந்தயத்தில் கணுக்காலில் காயமுற்று, அவர் தென் ஆப்பிரிக்கா செல்லவே இயலாது போயிற்று. அதன் பின் நாட்டு அணியில் அவர் ஆடவில்லை. 2012இல் ஓய்வு பெற்றார். மறு ஆண்டு விடைபெறும் பந்தயத்தைத் தாம் பிறந்து வளர்ந்த கிழக்குப் பகுதியிலேயே, லைப்சிக் நகரில் ஆடினார்.

நேயர்களே, ஊர் விட்டு ஊர் வந்து உழைக்கும் நாம் இத்தகையோரை அறியாதவர்கள் அல்லோம். தமிழ்ச் சங்கத்துக்குச் சொந்தக் கட்டிடம் வேண்டுமென்று ஞாயிறுதோறும் வீடு வீடாக ஏறி நன்கொடை திரட்டியவர் ஒருவர் இருப்பார். கட்டிடம் எழும்பித் திறப்பு விழா நடக்கும் நாளில் அவர் உத்தியோக மாற்றலாகி வேறொரு மாநிலத்தில் இருப்பார். மாற்றல் உத்தரவு கைக்கு வந்த பிறகும், இறுதி வாரத்து ஞாயிற்றுக்கிழமை ரசீதுப் புத்தகத்தோடு அவர் படியேறினாரா என்பதே நான் கேட்கும் கேள்வி. ஏறினார் என்றால், சோல் நகரில் அந்த நான்கு நிமிடங்கள் எத்தகையவை என்பது அவருக்கு விளங்கும்.