கைகளே கால்களாக
(சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)

 

ஆண்டு விழா மேடையில் பேச வருவோர் இலக்கியச் சுவையை எடுத்து வழங்குவது நம் சங்கத்தின் வழக்கம். அதற்குரிய புலமை எனக்கில்லை. கான்பூர் மாநகரில் முப்பத்தைந்து ஆண்டுகள் இயந்திரங்களோடு காலங்கழித்தவன் நான். ஆகவே, ஓர் இயந்திரத்தைப் பற்றிப் பேச எனக்கு இசைவு தர வேண்டுகிறேன்.

இன்று காலை விளையாட்டுப் போட்டிகள் நடந்தபோது, இளைஞர் ஒருவர் மூன்று சக்கர வண்டியொன்றில் இத்திடலை மும்முறை சுற்றி வந்ததை நீங்கள் கண்டிருப்பீர்கள். குழந்தைகள் ஆரவாரத்துடன் அவர் பின்னே ஓடினர். “அது என்ன வண்டி, தாத்தா?” என்று பத்துச் சிறுவர்களாவது என்னைக் கேட்டிருப்பர். அவர்களுக்குச் சொல்ல வேண்டிய விடையே என் உரை. அதன் முடிவில் பெரியவர்களிடம் ஒரு விண்ணப்பமும் உண்டு.

காலால் மிதிப்பது மிதிவண்டி. கையால் சுழற்றுவதை ஆங்கிலத்தில் ஹேண்ட்சைக்கிள் என்பர். நாம் கைச்சைக்கிள் என்று சொல்லிக்கொள்வோம். இது நேற்று வந்த புதுமை என்று எண்ண வேண்டா. ஜெர்மனியில் நியூரம்பர்க் நகருக்கருகே ஆல்ட்டார்ஃப் என்னும் ஊரில் ஸ்டீஃபன் ஃபார்ஃப்ளர் என்னும் கடிகாரத் தொழிலாளர் ஒருவர் இருந்தார். நடக்க இயலாதவர். பல் சக்கரம் பல் சக்கரத்தைத் தள்ளுவதைத் தம் தொழிலில் நாள்தோறும் கண்டவர், அந்த நுட்பத்தையே ஒரு வண்டியில் அமைத்து, முன்சக்கரத்தைக் கையால் சுழற்றி 1655ஆம் ஆண்டிலேயே தெருவில் சென்றார். மிதிவண்டிக்கு மூதாதை எனப்படும் டிரைஸ் பிரபுவின் இருசக்கர ஓட்டம் தோன்றியது 1817இல்தான். காலால் செல்லும் சைக்கிளுக்கு நூற்றறுபது ஆண்டுகள் மூத்தது கையால் செல்லும் வண்டி என்பது வியப்புக்குரியதன்றோ!

நம் நாட்டுச் சாலைகளில் கைகளால் இயக்கும் மூன்று சக்கர வண்டிகளைக் காணாதார் இலர். அவற்றைப் பெருமளவில் செய்து வழங்கும் செயற்கை உறுப்பு உற்பத்திக் கழகம், அதாவது அலிம்கோ, 1972இல் நிறுவப்பட்டது நாம் வாழும் இந்தக் கான்பூரிலேதான். அந்த வண்டி கடைத்தெருவுக்கும் பணியிடத்துக்கும் போவதற்காக அமைந்தது. ஓட்டுபவர் நிமிர்ந்து அமர்ந்திருப்பார். பின்னே மூட்டை வைக்க இடமிருக்கும். அதனால் பிழைப்பை நடத்தும் மக்கள் எண்ணற்றோர். விளையாட்டுக்கென அமைந்த கைச்சைக்கிளோ அதன் தம்பி; உருவத்தில் ஒல்லி, ஓட்டத்தில் துடிப்பு.

அதன் அமைப்பைச் சிறிது விளக்குகிறேன். முன்னே ஒரு சக்கரம், பின்னே இரண்டு. பெரும்பாலான வண்டிகளில் முன்சக்கரமே வண்டியை இழுப்பதும், திசை திருப்புவதும். மார்புக்கு முன்னே இரு கைப்பிடிகள். அவற்றைச் சுழற்றினால் சங்கிலி வழியே முன்சக்கரம் சுழலும். மேட்டுக்கும் சமவெளிக்கும் ஏற்பக் கியர்கள் உண்டு. மிதிவண்டியில் ஒரு கால் மேலே இருக்கும்போது மறு கால் கீழே இருக்கும். கைச்சைக்கிளில் அப்படியன்று, இரு கைகளும் ஒருசேர முன்சென்று ஒருசேரத் திரும்பும். அவ்வாறின்றி மாறி மாறித் தள்ளினால், திசை திருப்பும் சக்கரமும் அதுவே ஆதலால், வண்டி இடமும் வலமுமாக அலைபாயும். இரு கைகளும் இணைந்து உழைத்தால் வழியும் நேராகும், வலிவும் பெருகும்.

பந்தயங்களில் ஓட்டுநரின் உடல்நிலைக்கேற்ப எச்1 முதல் எச்5 வரை ஐந்து பிரிவுகள் உள்ளன. முதல் நான்கு பிரிவினர் சாய்ந்து படுத்த நிலையில் ஓட்டுவர். காற்றின் எதிர்ப்பு குறைவதற்கு அது துணை செய்யும். ஐந்தாம் பிரிவினர் மண்டியிட்டு அமர்ந்து, உடற்பாரம் முழுவதையும் கைப்பிடியின்மேல் செலுத்தி ஓட்டுவர். விரல்களால் பிடிக்க இயலாதவர்கூட, கையுறை வாரினால் கையைப் பிடியோடு பிணைத்துக்கொண்டு முதற்பிரிவில் போட்டியிடலாம்.

இவ்விளையாட்டுக்கு வழிவகுத்த வரலாறும் அறியத்தக்கது. நாஜிகளின் கொடுமைக்குத் தப்பி இங்கிலாந்து சென்ற லுட்விக் குட்மன் என்னும் மருத்துவர், ஸ்டோக் மாண்டவில் மருத்துவமனையில் 1944இல் முதுகுத்தண்டு முறிந்த படைவீரர்க்கென ஒரு பிரிவைத் தொடங்கினார். இத்தகையோர் நெடுநாள் வாழார் என்று மருத்துவ உலகம் கைவிட்டிருந்த காலம் அது. குட்மன் அவர்கள் கையில் மருந்தோடு வில்லையும் பந்தையும் கொடுத்தார். 1948ஆம் ஆண்டு ஜூலை 29ஆம் நாள், லண்டன் ஒலிம்பிக் தொடங்கிய அதே நாளில், சக்கர நாற்காலியில் அமர்ந்த 16 பேர் அம்மருத்துவமனைத் திடலில் வில்வித்தைப் போட்டி நடத்தினர். அவ்விதையே 1960இல் ரோம் நகரில் பாராலிம்பிக் என்னும் மரமாயிற்று. 2004இல் ஏதென்ஸ் நகரில் நடந்த பாராலிம்பிக்கில் கைச்சைக்கிளும் இடம்பெற்றது.

இத்தாலிய நாட்டு அலெக்ஸ் சனார்டியின் வரலாற்றைக் கேளுங்கள். கார்ப்பந்தய வீரர். 2001இல் ஜெர்மனியில் நிகழ்ந்த விபத்தில் இரு கால்களையும் இழந்தார். 2007இல் நியூயார்க் மாரத்தானில் கைச்சைக்கிள் ஓட்டி நான்காமவராக வந்தார். 2011இல் அதே பந்தயத்தில் முதல்வரானார். 2012 லண்டன் பாராலிம்பிக்கில் இரண்டு தங்கமும் ஒரு வெள்ளியும் வென்றார். அந்தச் சாலைப் போட்டிகள் நடந்த இடம் பிராண்ட்ஸ் ஹாட்ச் என்னும் கார்ப்பந்தயத் திடல் என்பது காலத்தின் விளையாட்டு! 2016இல் ரியோவிலும் அதே போல் இரண்டு தங்கம், ஒரு வெள்ளி. 2020இல் கைச்சைக்கிள் ஓட்டும்போதே மற்றொரு பெரும் விபத்துக்கும் அவர் ஆளானார். ஆகவே இது ஆபத்தே இல்லாத விளையாட்டு என்று நான் சொல்ல மாட்டேன். வாழ்க்கைதான் ஆபத்தில்லாததா?

உக்ரைனில் குறைபட்ட கால்களுடன் பிறந்து, அமெரிக்கத் தாயொருவரால் வளர்க்கப்பட்ட ஒக்ஸானா மாஸ்டர்ஸ் என்னும் நங்கை, 2021இல் நடந்த டோக்கியோ பாராலிம்பிக்கிலும் 2024 பாரிஸ் பாராலிம்பிக்கிலும் கைச்சைக்கிளில் இவ்விரண்டு தங்கம் பெற்றார். நம் நாட்டிலும் முன்னோடிகள் உண்டு. 1965 போரில் குண்டடிபட்டு முடங்கிய முரளிகாந்த் பேட்கர், 1972இல் ஹைடல்பர்க் பாராலிம்பிக்கில் நீச்சலில் தங்கம் வென்றார்.

விளையாட்டு வீரரல்லாத ஒருவரையும் இங்கே நினைக்க வேண்டும். வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் மருத்துவர் மேரி வர்கீஸ் 1954இல் கார் விபத்தில் கால்களின் இயக்கத்தை இழந்தார். பின்னர்ச் சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே தொழுநோயாளரின் கைகளைச் சீராக்கும் அறுவை மருத்துவம் புரிந்தார். கால் இழந்தவர் பிறர்க்குக் கை கொடுத்தார்! அவருடைய உழைப்பால் 1966இல் வேலூரில் மறுவாழ்வு நிலையம் எழுந்தது.

இனி உடற்பயிற்சி என்னும் வகையில் இதன் பயன் யாது? கால் இயங்காதபோது உடலின் பெருந்தசைகள் ஓய்ந்துவிடுகின்றன, எடை ஏறுகிறது, இதயம் தளர்கிறது. கைத்தசைகள் சிறியவை. பயிற்சியில்லாத ஒருவர் கால்களால் உழைக்கும்போது ஏற்கும் பிராணவாயுவில் ஏறத்தாழ 70 விழுக்காடே கைகளால் உழைக்கும்போது ஏற்க இயலும். ஆயினும் இதயத்தையும் நுரையீரலையும் பயிற்றுவிக்க அது போதுமானது. சக்கர நாற்காலியின் வளையத்தை நாள்தோறும் தள்ளுவோர்க்குத் தோள்மூட்டு தேய்ந்து வலிப்பது இயல்பு. கைப்பிடியைச் சுழற்றும்போதோ கை ஓரிடத்தும் விட்டுப் பிடிப்பதில்லை. வட்டம் முழுவதிலும் வேலை பரவுகிறது. ஆதலால் தோளுக்குச் சுமை குறைவு. அதே உழைப்பில் செல்லும் தொலைவு மிகுதி.

முதுகுத்தண்டு பாதிக்கப்பட்டோர்க்கென 2018இல் வெளியான பன்னாட்டு வழிகாட்டி, வாரத்தில் இருமுறை, முறைக்கு 20 நிமிடமேனும் மூச்சு வாங்கும் பயிற்சியும், இருமுறை தசைப்பயிற்சியும் வேண்டும் என்கிறது. சில எச்சரிக்கைகளையும் சொல்லிவிடுகிறேன். முறிவு மார்புக்கு மேலே இருப்பின் உடல் போதிய அளவு வியர்க்காது, ஆகவே நம்மூர் மே மாத வெயிலில் ஓட்டலாகாது, விடியற்காலையே ஏற்றது. உணர்ச்சியற்ற தோல் அழுந்திப் புண்ணாகக்கூடும்; இறங்கியதும் பார்த்தல் வேண்டும். வண்டி தாழ்வானது, லாரி ஓட்டுநர் கண்ணில் படும்படி உயரமான கொடியொன்று கட்டுதல் நலம். தொடங்குமுன் மருத்துவரைக் கேட்பது கடமை.

அன்பர்களே, இப்போது இன்று காலை நீங்கள் கண்ட அந்த இளைஞரிடம் வருகிறேன். அவர் நம் சங்க உறுப்பினர் ஒருவரின் மகன். சிறுவனாக இருந்தபோது நம் மேடையில் ஔவையார் வேடம் பூண்டவர். ஆறாண்டுகளுக்கு முன் மோட்டார் சைக்கிள் விபத்தில் முதுகுத்தண்டு முறிந்தது. வேலூர் சென்று பயிற்சி பெற்றுத் திரும்பினார். திரும்பியவர் ஓராண்டுக் காலம் அறையை விட்டு வெளிவரவில்லை. பார்க்கப் போன நாமும் பழத்தைக் கொடுத்துவிட்டு, “ஐயோ பாவம்” என்று சொல்லிவிட்டு வந்தோம்.

ஒருநாள் அவர் என்னிடம், “மாமா, சக்கர நாற்காலியின் முன்னே ஒரு சக்கரத்தை மாட்டிக் கையால் ஓட்டலாமாம். படம் பார்த்தேன். நாம் செய்ய முடியுமா?” என்று கேட்டார். எங்கள் தெருவின் சைக்கிள் கடைக்காரரும் வெல்டிங் பட்டறைக்காரரும் துணை நின்றனர். பழைய சைக்கிளின் பல் சக்கரம், சங்கிலி, பிரேக் ஆகியவற்றைக் கொண்டு இரண்டு மாதத்தில் ஒன்று செய்தோம். சமதரையில் அழகாக ஓடியது. ஆனால் பாலத்தின் ஏற்றத்தில் முன்சக்கரம் வழுக்கிச் சுழன்றதேயன்றி வண்டி நகரவில்லை. காரணம் பின்னர்த் தெரிந்தது: உடற்பாரம் பின்சக்கரங்களின்மேல் இருந்தது; இழுக்கும் சக்கரத்தின்மேல் பாரமில்லை. முன்னே எடை கட்டினோம். அவரும் முன்சாய்ந்து ஓட்டப் பழகினார். இன்று நாள்தோறும் 12 கிலோமீட்டர் ஓட்டுகிறார், வேலைக்கும் செல்கிறார்.

ஆனால் சென்ற நான்கு ஆண்டு விழாக்களுக்கு அவர் வரவில்லை. நம் மண்டப வாயிலில் ஐந்து படிகள். “நான்கு பேர் சேர்ந்து தூக்கி வருகிறோம், வா அப்பா” என்று அழைத்தேன். அவர் மெல்லச் சொன்னார்: “தூக்கிக்கொண்டு வர நான் என்ன உற்சவமூர்த்தியா, மாமா? நானாக வரும்படி ஒரு வழி செய்யுங்கள், வருகிறேன்.”

அன்று இரவு எனக்கு உறக்கம் வரவில்லை. ஏனெனில், அந்த மண்டபத்தைக் கட்டிய குழுவில் நானும் ஒருவன். வரைபடத்தில் அந்த ஐந்து படிகளையும் பார்த்து, “கம்பீரமாக இருக்கிறது” என்று கையெழுத்திட்டவன் நான். ஊர்விட்டு ஊர் வந்த தமிழர் யாவர்க்கும் இது வீடு என்று வாயிலில் எழுதிவைத்தோம். வீட்டுப் பிள்ளை உள்ளே வர வழி வைக்கவில்லை. இவ்வாண்டு மண்டபத்தில் வெள்ளையடிப்பு வேலை நடப்பதால் விழாவைத் திடலில் பந்தலிட்டு நடத்துகிறோம்; அதனால்தான் அவர் இங்கே நம்முடன் இருக்கிறார். நம் திட்டத்தால் வரவில்லை. தற்செயலால் வந்திருக்கிறார் என்பதை வெட்கத்துடன் ஒப்புக்கொள்கிறேன்.

என் விண்ணப்பம் இதுதான். ஓர் அங்குல உயரத்துக்குப் பன்னிரண்டு அங்குல நீளம் என்பது சாய்தளத்தின் முறை. நம் படிகளின் மொத்த உயரம் 30 அங்குலம். ஆகவே 30 அடி நீளச் சாய்தளமும், நடுவே இளைப்பாற ஒரு சமதளமும், இருபுறமும் கைப்பிடியும் வேண்டும். இடத்தை மிச்சம் பிடிக்கச் செங்குத்தாகக் கட்டினால் முன்சக்கரம் வழுக்கும்; கட்டியும் பயனிராது. வாயிலின் தென்புறம் இடமிருக்கிறது. நானே அளந்து பார்த்தேன். அந்த இடத்துப் பூஞ்செடிகளைப் பெயர்த்து வேறிடத்தில் நடலாம். என் ஓய்வூதியத்தில் ஒரு மாதத் தொகையை இன்றே பொருளாளரிடம் தருகிறேன். இது தானமன்று, செய்த பிழைக்குத் திருத்தம்.

அந்தச் சாய்தளம் அவர் ஒருவர்க்கு மட்டும் பயன்படும் என்று எண்ணாதீர்கள். முழங்கால் வலியோடு கைத்தடி ஊன்றி வரும் பாட்டிமார்களும், குழந்தை வண்டி தள்ளிவரும் தாய்மார்களும், சமையற்பாத்திரம் சுமப்போரும் அவ்வழியே வருவர். நமக்கும் முதுமை வரும். அப்போது அதே வழியே நாமும் வருவோம். மேலும், அடுத்த ஆண்டு விளையாட்டு நிரலில் கைச்சைக்கிள் போட்டியொன்றையும் சேர்க்க வேண்டுகிறேன். இந்நகரில் மூன்று சக்கர வண்டி ஓட்டும் எவரும், எம்மொழியினராயினும், கலந்துகொள்ளட்டும்.

பொறி என்னும் ஒரு சொல் நம் மொழியில் உடலுறுப்பையும் குறிக்கும், இயந்திரத்தையும் குறிக்கும், ஊழையும் குறிக்கும். ஊழால் ஒரு பொறி இயங்காது போனால், அறிவால் மற்றொரு பொறியை ஆக்கிக்கொள்ளலாம் என்பதை ஆல்ட்டார்ஃப் கடிகாரத் தொழிலாளரும் காட்டினார். நம் தெருப் பிள்ளையும் காட்டினார். வண்டியை அவர் செய்துகொண்டார். வழியை நாம்தான் செய்ய வேண்டும்.

 வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!